பட்டிருப்பின் வெறுங்கதிரை

2024 நவம்பர் பொதுத் தேர்தல் முடிவுகள் வந்துகொண்டிருந்த இரவு நான் பழுகாமத்தில் பெரியப்பா வீட்டில் நின்றேன். மாரி தொடங்கிவிட்டது, கரண்ட் போவதும் வருவதுமாக இருந்தது. பெரியப்பாவுக்குக் கண் பார்வை குறைந்துவிட்டது, ஆனால் காது இன்னும் கூர்மை. நான் போனைப் பார்த்து வாசித்துக்கொண்டிருந்தேன். "மட்டக்களப்பு மாவட்டம், பட்டிருப்புத் தேர்தல் தொகுதி" என்று சொன்னதும் சாய்மனைக் கதிரையில் படுத்திருந்தவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். எண்களை எல்லாம் இரண்டு தரம் வாசிக்கச் சொல்லிக் கேட்டார். நாடு முழுக்க ஒரு பக்கம் சாய, மட்டக்களப்பு மாவட்டம் மட்டும் தனித்து நின்ற தேர்தல் அது. தமிழரசுக் கட்சிக்கு மூன்று ஆசனம், தேசிய மக்கள் சக்திக்கு ஒன்று, முஸ்லிம் காங்கிரசுக்கு ஒன்று. அதைப் பற்றித்தான் பேசப்போகிறார் என்று நினைத்தேன். அவர் வேறு ஒன்றைக் கேட்டார்.

"அப்ப எங்கட தொகுதிக்கு ஆரு மனே எம்.பி.?"

பின்னர் தெரிவானவர்களின் பெயர்கள் வந்ததும் ஐந்தையும் ஒவ்வொன்றாகச் சொன்னேன். கேட்டுக்கொண்டே இருந்துவிட்டு, "நான் அஞ்சு பேரையும் கேக்கல்ல. எங்கட தொகுதிக்கு ஆரு எண்டுதான் கேட்டன்" என்றார். விளங்காமல் கேட்டவர் இல்லை. முப்பது வருடத்துக்கு மேல் ஆசிரியராக இருந்தவர், மாவட்டம் முழுக்க விழுந்த வாக்குகளின் கணக்கில் கட்சிகளுக்கு ஆசனம் பிரிக்கிற விகிதாசாரப் பிரதிநிதித்துவம் என்றால் என்னவென்று வகுப்பில் படிப்பித்தவர். தெரிந்தேதான் கேட்டார். நான் பதில் சொல்லவில்லை. அடுத்த நாள் பட்டிருப்புப் பாலத்தைக் கடந்து களுவாஞ்சிக்குடிப் பக்கம் வரும்போதும் அந்தக் கேள்வி கூடவே வந்தது, இன்றுவரை போகவில்லை. 1989 பெப்ரவரிக்குப் பிறகு பட்டிருப்புத் தொகுதிக்கு என்று ஒரு பாராளுமன்ற உறுப்பினர் கிடையாது, அது வாக்கு எண்ணுவதற்கான ஒரு பிரிவு மட்டும்தான். ஆனால் ஒருவரும் அப்படிச் சொல்வதில்லை. கல்யாண வீட்டில் புதிதாக ஒருவரைச் சந்தித்தால் "எந்தத் தொகுதி?" என்கிறோம், கட்சிகள் இன்னமும் தொகுதிக் கிளை, தொகுதி அமைப்பாளர் என்றுதான் வைத்திருக்கின்றன, கல்வி வலயத்துக்கும் பட்டிருப்பு என்றே பெயர். தொகுதியின் வேலை போய் இத்தனை வருடம் ஆகியும் பெயரை ஏன் நாங்கள் கைவிடவில்லை என்று யோசிக்கத் தொடங்கினேன்.

காட்டையும் களப்பையும் எண்ணிய கணக்கு

1947 தேர்தலுக்காகத் தொகுதிகளைப் பிரித்தபோது ஒரு விதி இருந்தது. ஒவ்வொரு மாகாணத்துக்கும் 75,000 பேருக்கு ஓர் ஆசனம், அதோடு ஒவ்வொரு 1,000 சதுர மைலுக்கும் ஓர் ஆசனம். இந்த இரண்டாவது பகுதிதான் எனக்கு எப்போதும் பிடித்தது. கிழக்கு மாதிரி ஆட்கள் குறைவாகவும் நிலம் பெரிதாகவும் உள்ள மாகாணங்களுக்கு அது தனி வலிமை கொடுத்தது. தலையை மட்டும் எண்ணியிருந்தால் எங்கள் பக்கத்துக்கு இவ்வளவு ஆசனங்கள் வந்திருக்காது. வயலும் காடும் களப்பும் சேர்த்து எண்ணப்பட்டதால்தான் அன்றைய மட்டக்களப்பு மாவட்டத்தில், அதாவது அம்பாறை பிரிவதற்கு முன்னர், மட்டக்களப்பு, கல்குடா, பட்டிருப்பு, கல்முனை, பொத்துவில் என்று ஐந்து தொகுதிகள் உண்டாயின. ஒரு நிலத்தில் ஆள் குறைவு என்பதற்காக அதன் குரலும் குறைவாக இருக்கக் கூடாது என்று யாரோ ஒரு காலத்தில் சட்டமாகவே எழுதி வைத்திருக்கிறார்கள். அது அவ்வளவு சின்ன விஷயம் இல்லை.

பட்டிருப்பின் அமைப்பே தனி. எழுவான்கரையில் கல்லாறு, துறைநீலாவணை, மகிழூர், எருவில், களுதாவளை, தேற்றாத்தீவு என்று கடற்கரை ஓரமாக நெருக்கி நெருக்கி ஊர்கள். வாவிக்கு அந்தப் பக்கம் படுவான்கரையில் போரதீவு, பழுகாமம், மண்டூர், வெல்லாவெளி, கொக்கட்டிச்சோலை என்று வயலுக்கு நடுவே பரந்து கிடக்கிற ஊர்கள். ஒரு கரையில் பிரதான வீதி, பெரிய பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி, கந்தோர். மற்றக் கரையில் நெல்லும் மாடும் யானையும். சம்பந்தம் செய்வார்கள், கோயிலுக்கு மாறி மாறிப் போவார்கள், ஆனாலும் எழுவான்கரைக்காரர் படுவான்கரையைப் பார்க்கிற பார்வையில் ஒரு மேட்டிமை எப்போதும் உண்டு. என் அம்மா வழி களுதாவளை, அப்பா வழி பழுகாமம், ஆகவே இரண்டு பக்கமும் கேட்டு வளர்ந்த ஆள் நான். கிராமசபை வேறு, பிரதேசச் செயலகப் பிரிவு வேறு, பற்று என்ற பழைய நிர்வாகப் பிரிவு வேறு. இரண்டு கரையையும் ஒரே பெயருக்குக் கீழே கட்டிவைத்த ஒரே ஏற்பாடு அந்தத் தொகுதிதான். எம்.பி. ஆக விரும்புகிற ஆள் எந்தக் கரையில் பிறந்திருந்தாலும் மற்றக் கரைக்குத் தோணியிலோ பாதையிலோ ஏறித்தான் ஆகவேண்டும். (வெளியூர் வாசகர்களுக்கு: வாகனங்களையும் ஆட்களையும் ஏற்றி வாவியைக் கடக்கிற மிதவையை நாங்கள் பாதை என்போம். குருமண்வெளிக்கும் மண்டூருக்கும் இடையில் ஓடுவது அப்படி ஒன்று. மண்முனையில் ஓடியது 2014இல் பாலம் திறந்ததோடு நின்றுபோனது.)

யார் யார் வந்தார்கள் என்பது எங்கள் பக்கத்தவர்களுக்குத் தெரியும், நீட்டப்போவதில்லை. முதலில் எஸ்.யூ. எதிர்மன்னசிங்கம். பிறகு நீண்ட காலம் எஸ்.எம். இராசமாணிக்கம், அவர் தமிழரசுக் கட்சிக்கே தலைவராக இருந்தவர். அவருடைய பேரன்தான் இன்று மாவட்டத்தின் ஐவரில் ஒருவர். 1970இல் நடந்ததை மட்டும் சொல்ல வேண்டும். அந்த வருடம் ஐக்கிய தேசியக் கட்சிக்கு நாடு முழுவதும் 17 இடங்கள்தான் கிடைத்தன. அந்த 17இல் ஒன்று பட்டிருப்பு. எஸ். தம்பிராஜா வென்றார். தமிழரசின் கோட்டை என்று எல்லோரும் நினைத்த இடம்! பெரியப்பா அப்போது இளம் வாத்தியார், தமிழரசுக்கு வேலை செய்தவர், தோற்ற அன்று சாப்பிடவில்லையாம். ஆனால் இன்று அதைப் பற்றி அவர் சொல்வது வேறு. "சனம் கட்சியப் பாக்கல்ல, ஆளப் பாத்தது. அது பிழை இல்ல மனே." தோற்கடிக்கவும் முடிந்தது என்பதுதான் அதில் முக்கியம் என்று எனக்குப் படுகிறது. ஒருவர் மேல் கோபம் வந்தால் அந்த ஒருவரை வீட்டுக்கு அனுப்ப முடிந்தது. இப்போது யார் மேல் கோபப்படுவது என்றே குழப்பம்.

காபன் கொப்பி

பெரியப்பா ஊருக்கு மனு எழுதிக் கொடுக்கிறவர். காசு வாங்கமாட்டார், வெற்றிலை கொடுத்தால் வாங்குவார். எழுதுகிற ஒவ்வொரு கடிதத்துக்கும் காபன் தாள் வைத்து ஒரு பிரதி எடுத்து, அதை ஒரு தடித்த கொப்பியில் ஒட்டி வைப்பார். அந்தத் தேர்தலுக்குப் பிறகு ஒரு நாள் போய் அந்தக் கொப்பியைக் கேட்டேன். அலுமாரியின் அடித்தட்டில் பழைய வேட்டியில் சுற்றி வைத்திருந்தார். கறையான் ஓரங்களைத் தின்றிருந்தது, ஆனால் எழுத்து வாசிக்க முடிந்தது.

1977இல் தமிழர் விடுதலைக் கூட்டணியின் பூ. கணேசலிங்கம் தெரிவான பிறகு எழுதிய கடிதங்கள்தான் அதில் அதிகம். எல்லாவற்றின் தலையிலும் ஒரே முகவரி: "கௌரவ பாராளுமன்ற உறுப்பினர், பட்டிருப்பு." பஸ் வேண்டும், பள்ளிக்கூடத்துக்குக் கணித ஆசிரியர் வேண்டும், வாய்க்காலில் கதவு பழுது, ஒரு கைம்பெண்ணுக்குப் பிச்சைச் சம்பளம் (அரசாங்க உதவிப்பணம்). 1978 டிசம்பரில் மட்டும் ஒரு கட்டுக் கடிதம். நவம்பர் 23இல் சூறாவளி அடித்தது, தென்னையும் கூரையும் போனது, அதெல்லாம் எங்கள் பக்கத்தில் பிள்ளைகளுக்குக்கூடத் தெரிந்த கதை. தகரம் கேட்டு, விதைநெல் கேட்டு, நிவாரண அட்டையில் பெயர் விடுபட்டதென்று சொல்லி, வீட்டுக்கு வீடு எழுதியிருக்கிறார். கேட்டது எல்லாம் கிடைத்ததா என்றால் இல்லை. பாதிகூடக் கிடைக்கவில்லை என்கிறார். எதிர்க்கட்சியில் இருக்கிற ஒரு எம்.பி.யால் செய்யக்கூடியதற்கு ஓர் அளவு உண்டு. ஆனால் கடிதம் எழுதும்போது யாருக்கு எழுதுவது என்று ஒரு நிமிடம்கூட யோசித்திருக்கமாட்டார், அந்தக் கையெழுத்தைப் பார்த்தாலே தெரிகிறது. முகவரி வேகமாக, பழகிய கையால் எழுதப்பட்டிருக்கிறது.

அந்தச் சூறாவளிக்குப் பதினொரு கிழமைக்கு முன்னர், செப்டெம்பர் 7ஆம் திகதி, புதிய அரசியலமைப்பு நடைமுறைக்கு வந்திருந்தது. அப்போதிருந்த 160 தொகுதிகளையும் கலைத்துத் தேர்தல் மாவட்டங்களாக்குவது அதில்தான் முடிவானது. பட்டிருப்பின் ஆயுள் அன்றைக்கே எண்ணப்பட்டுவிட்டது. பெரியப்பாவிடம், அந்தச் செய்தியைப் பேப்பரில் பார்த்தபோது என்ன நினைத்தீர்கள் என்று கேட்டேன். ஒன்றும் நினைக்கவில்லை என்றார். ஜனாதிபதிக்கு எவ்வளவு அதிகாரம் என்பதைப் பற்றித்தான் எல்லோரும் பேசினார்களாம், தொகுதி போகப்போகிறது என்பது யாருடைய மண்டையிலும் ஏறவில்லை. அப்புறம் சூறாவளி வந்தது, கூரை போட்டால் போதும் என்றாகிவிட்டது.

1983 ஒக்டோபர் 22

இந்த விஷயத்தில் நான் மாற்றிக்கொண்ட ஓர் எண்ணம் இருக்கிறது. 1989இல் விகிதாசார முறை வந்ததோடு பட்டிருப்புத் தொகுதி முடிந்தது என்று நானும் சொல்லிக்கொண்டிருந்தேன். காகிதத்தில் அது சரி. ஆனால் அந்தக் கொப்பியைப் புரட்டிய பிறகு எனக்கு அப்படிச் சொல்ல வரவில்லை. அது முடிந்தது 1983 ஒக்டோபர் 22ஆம் திகதி.

நடந்ததைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1982 டிசம்பர் 22இல் விளக்கா குடமா (ஆம் என்றால் விளக்கு, இல்லை என்றால் குடம்) என்று சர்வஜன வாக்கெடுப்பு வைத்துப் பாராளுமன்றத்தின் ஆயுளை ஆறு வருடம் நீட்டினார்கள். அது நடக்காமல் 1983இல் தேர்தல் வந்திருந்தால் அப்போதே விகிதாசார முறை வந்திருக்கும். ஆகவே தொகுதிக்கும் சேர்த்து ஆறு வருடம் ஆயுள் நீண்டது. பிறகு யூலை வந்தது. அதைப் பற்றி நான் எழுதத் தேவையில்லை. ஓகஸ்டில் அரசியலமைப்புக்கு ஆறாவது திருத்தம், தனிநாட்டை ஆதரிப்பதில்லை என்று சத்தியம் செய்தால்தான் பாராளுமன்றத்தில் இருக்கலாம். 1977இல் தனிநாட்டுக்கு ஆணை கேட்டு வாக்கு வாங்கியவர்கள் கூட்டணியினர். மக்கள் தந்த ஆறு வருடம் முடிந்தது, இனி அங்கே இருக்கக் கூடாது என்று இளைஞர் இயக்கங்களின் நெருக்குதல் வேறு. அவர்கள் போகவில்லை. மூன்று மாதம் சமுகமளிக்காததால் ஒக்டோபர் 22இல் ஆசனங்கள் பறிபோயின. பட்டிருப்பு உறுப்பினரின் ஆசனமும் அதில் ஒன்று. அதற்குப் பதிலாக ஒருவரும் வரவில்லை.

மாவட்டத்தின் மற்ற இரண்டு தொகுதிகளையும் பாருங்கள். மட்டக்களப்பின் செ. இராசதுரை 1979இலேயே அரசாங்கப் பக்கம் போய் அமைச்சராகிவிட்டார், அந்த இரட்டை அங்கத்தவர் தொகுதியின் மற்ற உறுப்பினர் ஐக்கிய தேசியக் கட்சிக்காரர். கல்குடாவில் கே.டபிள்யூ. தேவநாயகம், அவரும் அமைச்சர். அவர்களுக்கு வாக்களித்தவர்கள் அவர்களை எப்படி மதித்தார்கள் என்பது வேறு கதை, ஆனால் ஆள் இருந்தது, கதவு இருந்தது, தட்டலாம். பட்டிருப்புக்கு மட்டும் கதிரை வெறுமையாகக் கிடந்தது. 1983 ஒக்டோபரில் இருந்து 1989 பெப்ரவரி வரை, ஐந்து வருடமும் கிட்டத்தட்ட நாலு மாதமும்.

நான் அவர்களைக் குறை சொல்லவில்லை. அந்தச் சத்தியத்தை எடுத்திருக்க வேண்டும் என்று சொல்கிற தைரியம் எனக்கு இல்லை, எடுத்திருந்தால் எங்கள் ஊரே அவர்களை ஏற்றிருக்காது. அந்த முடிவு சரியென்றுதான் இன்றும் நினைக்கிறேன். ஆனால் சரியான ஒரு முடிவினால் ஏற்பட்ட இழப்பையும் எண்ணிப்பார்க்க வேண்டுமே! நாங்கள் எண்ணவே இல்லை. மேடைகளில் அது ஒரு துறப்பாகப் பேசப்பட்டது, அது உண்மையும்தான். துறந்தவர்கள் உறுப்பினர்கள் மட்டும் என்பதுபோலப் பேசப்பட்டது, அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. வெல்லாவெளியில் எல்லையோரம் பயந்து பயந்து இரவில் காவல் இருந்த குடும்பமும் அன்று எதையோ இழந்தது. அதை யாரும் அதனிடம் கேட்கவும் இல்லை, சொல்லவும் இல்லை.

கொப்பியில் அந்த இடம் எப்படி இருக்கிறது என்று சொல்ல வேண்டும். 1983 செப்டெம்பரில் ஒரு கடிதம், வழக்கமான முகவரி. அதற்குப் பிறகு சில பக்கங்கள் ஒன்றும் இல்லை. பிறகு 1984இல் ஒரு கடிதம். பக்கத்து வீட்டுத் தாய்க்காக எழுதியது. சுற்றிவளைப்பில் மகனைப் பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள், எங்கே என்று தெரியவில்லை. பெயர், வயது, என்ன உடுத்திருந்தான், எந்த இடத்தில் பிடித்தார்கள் என்று எல்லாம் நுணுக்கமாக, வாத்தியார் கையெழுத்தில். மேலே "கௌரவ" என்று எழுதியிருக்கிறார். அதற்குப் பிறகு கோடு போட்டு இடம் விட்டிருக்கிறார். அந்த இடம் நிரப்பப்படவில்லை. கீழே வேறு மையில் "அ.அ., கச்சேரி" என்று சின்னதாக இருக்கிறது. மாவட்ட நிர்வாகத்தின் தலைவரான அரசாங்க அதிபருக்கு, அவருடைய கந்தோரான கச்சேரிக்கு அனுப்பினார்களாம். பதில் வந்ததா என்று நான் கேட்கவில்லை. அந்த வீட்டுப் பக்கம் அவர் திரும்பிப் பார்த்த விதமே போதுமாக இருந்தது.

அந்த வெறும் வருடங்களில்தான் எங்கள் பக்கத்தில் மிக மோசமானவை நடந்தன. 1987 ஜனவரியில் மகிழடித்தீவு இறால் பண்ணையில் நடந்த படுகொலையை இங்கே விவரிக்க எனக்கு மனம் வரவில்லை. பாராளுமன்றத்தில் ஓர் உறுப்பினர் எழும்பிப் பேசியிருந்தால் அது தடுக்கப்பட்டிருக்கும் என்று நம்புகிற அளவுக்கு நான் சின்னப்பிள்ளை இல்லை. ஆனால் "என் தொகுதியில், இன்ன ஊரில், இன்ன மனிதர்" என்று பாராளுமன்றப் பதிவேடான ஹன்சாட்டில் பதிய வைக்கக்கூடிய ஒரு கதிரை இருந்தது, அது அப்போது வெறுமையாக இருந்தது. கொழும்பில் வேறு யாராவது பேசியிருக்கலாம், ஆனால் அந்தக் கதிரையில் இருந்து ஒரு சொல்லும் வரவில்லை.

ஐந்து பேர்

1989 பெப்ரவரி 15இல் தேர்தல். முழு மட்டக்களப்பு மாவட்டமும் ஒரே தொகுதி, ஐந்து ஆசனம், கட்சிக்கு வாக்களித்து அதன் பட்டியலில் ஆளையும் தெரிகிற விருப்பு வாக்கு. கூட்டணியின் செயலாளர் நாயகம் அ. அமிர்தலிங்கமே இங்கே நின்று தோற்று, தேசியப் பட்டியலில்தான் உள்ளே போனார். அன்றைய நிலைமையில் முறை மாறியதைப் பற்றி யார் யோசித்தார்கள்? உயிரோடு வாக்களித்து வீட்டுக்குத் திரும்பினால் போதும் என்றிருந்தது. ஆகவே தொகுதியின் சாவுக்கு இரண்டு தடவையும் ஒருவரும் அழவில்லை.

இதை ஓட்டமாவடியில் இருக்கிற ஒரு நண்பரிடம் சொன்னேன். அவர் ஒத்துக்கொள்ளவில்லை. பழைய முறையில் தோற்ற பாதிக்கு ஐந்தாறு வருடம் ஒருவரும் கிடையாது, வாக்களிக்காத ஊருக்கு ரோட்டும் கிடையாது, சின்னச் சமூகங்களுக்கு விகிதாசாரம்தான் மூச்சு விட இடம் தந்தது என்றார். அது உண்மை. மட்டக்களப்பையும் பொத்துவிலையும் இரட்டை அங்கத்தவர் தொகுதி ஆக்கியதே அந்தப் பயத்தினால்தான். பழைய முறையைத் திரும்பக் கொண்டுவா என்று நான் கேட்கவில்லை. ஆனால் ஒன்று பாருங்கள். 1,000 சதுர மைலுக்கு ஓர் ஆசனம் என்ற பழைய விதியின் நிழல் இன்றும் சட்டத்தில் இருக்கிறது, ஒவ்வொரு மாகாணத்துக்கும் நாலு ஆசனம் தனியாக ஒதுக்குகிறார்கள். அந்த நாலும் மாவட்டக் கணக்கில் கரைந்துவிடுகின்றன. விருப்பு வாக்குக்காக மாவட்டம் முழுக்க ஓடுகிற ஒருவருக்கு, வாகரை தொடக்கம் துறைநீலாவணை வரை எங்கே சனம் நெருக்கமோ அங்கேதான் நேரம் செலவழிக்கத் தோன்றும். ஐந்து வீட்டுக்கு ஒரு மைல் நடக்க வேண்டிய படுவான்கரைக்கு மண்டூர்த் திருவிழாவுக்கு வருவார்கள், வெள்ளத்துக்கு வருவார்கள். நல்லவர்கள் சிலர் அதற்கு மேலும் வருகிறார்கள், அதையும் மறைக்கக் கூடாது. ஆனால் வராவிட்டால் கேட்க முடியாது, ஏனென்றால் அவர் எங்களுக்கு மட்டும் உரியவர் இல்லை.

போன மாசி மாதம் மறுபடி பழுகாமம் போனேன். வயலுக்குப் போகிற கிறவல் ரோட்டை மாரி வெள்ளம் அரித்துவிட்டது, வெட்டிய நெல்லை ஏற்ற உழவு இயந்திரம் இறங்கவில்லை. நாலு பேர் வந்து பெரியப்பாவிடம் ஒரு மனு எழுதித் தரச் சொன்னார்கள். அவருக்குக் கண் தெரியாததால் அவர் சொல்லச் சொல்ல நான் எழுதினேன். ரோட்டின் நீளம், எத்தனை ஏக்கர், எத்தனை குடும்பம் என்று ஒன்றும் விடாமல் சொன்னார். முடிந்ததும், "மேல ஆருட பேரு போடப்போறாய்?" என்றார். ஐந்து பேருக்கும் போடுவோம் என்றேன். "முதல்ல ஆரு?" அகர வரிசைப்படி எழுதுவோம் என்றேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு சரி என்று தலையாட்டி, கையெழுத்துப் போடும் இடத்தில் தன் விரலை வைக்கச் சொன்னார். ஐந்து பிரதியிலும் வைத்துக் கொடுத்தேன், ஐந்திலும் கையெழுத்துப் போட்டார். ஆறாவதைக் கொப்பியில் ஒட்டச் சொன்னார்.